நிரந்தரம் என்னும் சொல்

‘நிரந்தரம்’ என்னும் சொல் வடமொழியிலிருந்து நம்மிடம் வந்தது. ‘அந்தரம்’ என்பது இடைவெளி. அஃது இல்லாதது நிரந்தரம். ஆகவே, இடையறாமை என்பதே அதன் பொருள். ஒப்பந்தத் தொழிலாளர் “நிரந்தர நியமனம் வேண்டும்” என்று கேட்குங்கால், இச்சொல்லின் நேர்ப்பொருளையே கேட்கின்றனர். அவர்தம் வழக்கு முழுவதும் ஓர் இடைவெளியைப் பற்றியது என்பதைச் சிறிது ஆராய்வோம்.

கட்டைபறிச்சான், கொட்டியாரக் குடாவின் தென்பால், மூதூரை அடுத்துள்ள ஊர். இங்கே வயல்வேலைக்குப் பருவம் உண்டு. அறுவடை முடிந்ததும் கூலியாள் கணக்குத் தீர்த்து வீடு செல்வான். வேலையே முடிந்துவிட்டமையால் அதில் எவருக்கும் குறையில்லை. ஆனால், குடாவின் மறுகரையிலுள்ள திருகோணமலைத் துறைமுகத்திற்கும் ஆலைகளுக்கும் இத்தகைய பருவம் இல்லை. கப்பல் ஆண்டு முழுவதும் வரும். இயந்திரம் ஆண்டு முழுவதும் ஓடும். வேலை நிலைத்திருக்க, வேலையாள் மட்டும் எங்ஙனம் தற்காலிகமானவன் ஆவான்?

சட்டம் இவ்வினாவை நாள்கணக்கினால் அணுகுகிறது. 15 பேர் அல்லது அதற்கு மேற்பட்டோர் பணிபுரியும் தனியார் நிறுவனத்தில், 12 மாதத்துள் 180 நாள் உழைத்த ஒருவரை, ஒழுக்கக் குற்றமின்றி நீக்குவதாயின், அவருடைய எழுத்துமூலச் சம்மதமோ, தொழில் ஆணையாளரின் முன்னனுமதியோ வேண்டும் என்பது இலங்கையின் 1971 ஆம் ஆண்டு 45 ஆம் இலக்கச் சட்டம். தமிழ்நாடோ 1981 இல் இன்னும் ஒருபடி மேற்சென்றது. 24 மாதத்துள் 480 நாள் தொடர்ந்து உழைத்தவரை நிரந்தரமாக்குக என்றே அங்குச் சட்டம் வகுத்தனர்.

இடைவெளியின் சூழ்ச்சி தோன்றுவது இவ்விடத்திலேதான். நாள்கணக்கு நிறைவதற்குச் சற்று முன்னர் ஆளை நிறுத்துவதும், சில நாள் கழித்துப் புதுக் கடிதம் கொடுப்பதும் ஒருவகை. உழைப்பாளிக்கும் நிறுவனத்துக்கும் நடுவே மனிதவலு முகவர் ஒருவரை நிறுத்தி, “இவர் எம்முடைய ஊழியர் அல்லர்” என்பது மற்றொரு வகை. முன்னது காலத்தில் இடைவெளி. பின்னது உறவில் இடைவெளி. இலங்கை ரெலிகொம் நிறுவனத்துக்காக முகவர் வழியே உழைத்தோர், 2016 டிசம்பரில் நிரந்தரம் வேண்டி வேலைநிறுத்தத்தில் இறங்கியது இப்பின்னதை எதிர்த்தேயாம்.

இந்திய உச்ச நீதிமன்றத்தின் போக்கும் அறியத்தக்கது. ஒப்பந்தமுறை ஒழிக்கப்பட்ட மாத்திரத்தே தொழிலாளர் தாமாகவே நிறுவன ஊழியர் ஆகிவிடார் என 2001 இல் அம்மன்று தீர்ப்பளித்தது. ஆயினும், ஒப்பந்தம் வெறும் போலி என மெய்ப்பிக்கப்படின், அவர் நிறுவனத்தின் நேர் ஊழியரே என்றும் கூறிற்று. அரசுப் பணியில் பின்வாயில் நியமனம் கூடாது என்றது 2006 ஆம் ஆண்டின் உமாதேவி வழக்கு. திறந்த போட்டியில் வரவேண்டிய பிறருக்கு அநீதி நேரலாகாது என்னும் அந்த நியாயத்தை நாமும் புறந்தள்ளுதல் இயலாது. ஆனால், அத்தீர்ப்பையே கேடயமாக்கி, பல்லாண்டு உழைத்த எளியோரை விலக்கலாகாது என 2024 டிசம்பர் 20 இல் அதே மன்று உரைத்தது. அவ்வழக்கைத் தொடுத்தோர் மத்திய நீர் ஆணையத்தின் துப்புரவாளரும் தோட்ட வேலையாளருமே.

இவற்றால் நம்மூர் இளைஞர் கொள்ளத்தக்க பாடம் யாது? மன்றில் கண்ணீர் சான்றாகாது, ஏடே சான்றாகும். ஊழியர் சேமலாப நிதி 1958 ஆம் ஆண்டின் சட்டத்தால் வந்தது. தொழில்கொள்வோர் 12 வீதமும் ஊழியர் 8 வீதமும் செலுத்தும் அந்நிதி, தற்காலிக ஊழியருக்கும் உரியது. அதன் கணக்கு, சம்பளச் சீட்டு, வரவுப் பதிவு, வேலைக் கட்டளை யாரிடமிருந்து வந்தது என்பதற்கான கடிதம் ஆகிய இவற்றைப் பேணுக. ஐந்தாண்டு உழைத்தவர்க்குப் பணிக்கொடை தரும் 1983 ஆம் ஆண்டுச் சட்டத்தின் பயனைக் கோருவதற்கும் இவையே துணை.

நெல்லின் கணக்கை மரக்கால் அளவிலும் பிசகாது வைத்திருப்பவர் நம்மவர். உழைத்த நாளின் கணக்கையும் அவ்வாறே வைப்பாராயின், இடையில் இட்ட வெளி எதுவென்பதும், அதனை இட்டவர் எவரென்பதும் அவ்வேட்டிலேயே வெளிப்படும்.