கமடோர் 64-உம் 1541 ஃப்ளாப்பி டிரைவும்

அமெரிக்காவின் கமடோர் நிறுவனம் 1982-இல் விற்பனைக்குக் கொண்டுவந்த கமடோர் 64, வீட்டு டி.வி.யையே திரையாக்கிக்கொண்ட கணினி. விலை 595 டாலர். நினைவகம் 64 கிலோபைட். சுவிட்சை அணைத்தால் நினைவகத்தில் இருந்தது அத்தனையும் போய்விடும். எழுதியதைச் சேமிக்கக் கேசட் ரெக்கார்டர் மலிவான வழி. ஆனால் நாடாவை ஓட்டி ஓட்டித் தேட வேண்டும். கையில் பணம் இருந்தவர்கள் 1541 என்ற ஃப்ளாப்பி டிரைவை வாங்கினார்கள்.

அதில் செருகுவது ஐந்தேகால் அங்குல டிஸ்க். சதுர உறைக்குள் காந்தப் பூச்சுள்ள மெல்லிய பிளாஸ்டிக் வட்டு நிமிடத்துக்கு 300 முறை சுழலும். வட்டில் 35 தடங்கள். வெளித் தடம் நீளமானது என்பதால் அதில் 21 பகுதிகள், உள்தடத்தில் 17. பகுதிக்கு 256 பைட் வீதம் மொத்தக் கொள்ளளவு சுமார் 170 கிலோபைட். கோப்புகளின் பட்டியல் நடுவிலுள்ள 18-ஆம் தடத்தில் இருக்கும். எந்தப் பக்கம் போவதானாலும் படிக்கும் தலைக்கு அலைச்சல் குறைவு. இந்த டிரைவ் டிஸ்கின் ஒரு பக்கத்தை மட்டுமே படிக்கும். சிக்கனக்காரர்கள் உறையின் மறு ஓரத்திலும் ஒரு வெட்டு வெட்டி, திருப்பிப் போட்டு இரு பக்கத்தையும் பயன்படுத்தினார்கள்.

1541-இன் உண்மையான சிறப்பு அதன் உள்ளே இருந்தது. அது தனி 6502 செயலியும் 2 கிலோபைட் நினைவகமும் கொண்ட முழுக் கணினி. 'இந்தக் கோப்பைக் கொடு' என்று கமடோர் 64 கேட்டால் போதும்; தேடுவதும் படிப்பதும் டிரைவின் பொறுப்பு.

இவ்வளவு இருந்தும் அது வேகத்துக்குப் பெயர் பெறவில்லை. விநாடிக்கு ஏறத்தாழ 400 பைட்தான் வந்துசேரும். பெரிய விளையாட்டு ஏற இரண்டு நிமிடத்துக்கு மேல் ஆகும். காரணம் கமடோரின் முந்தைய கணினியான விக்-20-இல் இருக்கிறது. தரவைத் தானாக அனுப்பவேண்டிய சிப்பில் பிழை இருந்ததால், ஒவ்வொரு பிட்டையும் மென்பொருளே பார்த்து அனுப்பும்படி மாற்றினார்கள். அந்த முறையே கமடோர் 64-க்கும் வந்தது. போதாக்குறைக்கு, இதன் காட்சிச் சிப் செயலியை அடிக்கடி நிறுத்திவைக்கும். அதற்கு ஈடுகொடுக்க டிரைவின் வேகத்தை இன்னும் குறைத்தார்கள்.

இன்னொரு குறை, தலை எங்கே நிற்கிறது என்று காட்டும் உணரி இல்லாதது. படிப்பதில் பிழை வந்தால் டிரைவ் தலையை ஓரத்துத் தடுப்புவரை தள்ளி, முட்டிய பிறகும் தள்ளும். தடதடவென்று சத்தம் கேட்கும். நகலெடுப்பதைத் தடுக்கச் சில விளையாட்டு டிஸ்க்குகளில் வேண்டுமென்றே பிழை வைத்திருந்ததால் இந்த முட்டல் அடிக்கடி நேர்ந்தது. நாளடைவில் தலை இடம் பிசகி, ஒரு டிரைவில் எழுதியது இன்னொன்றில் படிக்காமல் போகும்.

வேகக் குறைவுக்கு மருந்து அந்தத் தனிச் செயலியே. எபிக்ஸ் ஃபாஸ்ட் லோடு போன்ற கார்ட்ரிட்ஜ்கள் டிரைவின் நினைவகத்துக்குள் புது நிரலை அனுப்பி, தரவு கடத்தும் முறையையே மாற்றிவிடும். ஒரே கம்பியில் போன பிட்டுகள் இரண்டு கம்பிகளில் பாய்ந்தன. வேகம் பல மடங்கானது.

இன்று பழைய டிஸ்க்குகளைக் கோப்புகளாக மாற்றிப் பாதுகாக்கிறார்கள். வட்டில் உள்ள தரவு மட்டும் போதுமானால் வேலை எளிது. ஆனால் டிரைவுக்குள்ளேயே நிரல் ஓட்டும் விளையாட்டுகளுக்கு அது போதாது. ஆகவே பழைய கணினியை மென்பொருளாலேயே போலச்செய்யும் வைஸ் போன்ற எமுலேட்டர்கள் கமடோர் 64-ஐ மட்டுமல்லாமல், 1541-இன் செயலியையும் சேர்த்தே இயக்கிக் காட்டுகின்றன.