வாடிக்கையாளரின் விருப்பம் யாருக்குச் சொந்தம்?

எண்பதுகளின் கடைசியில் வீடியோ கசட் வாடகைக்குக் கொடுக்கும் கடையொன்றைச் சில காலம் நடத்தினேன். எந்த வீட்டாருக்கு எந்தப் படம் பிடிக்கும் என்பது கடைப் பையனுக்கு மனப்பாடம். ஆள் படியேறும்போதே கசட்டை எடுத்து மேசையில் வைப்பான். பாதி வியாபாரம் அவனுடைய ஞாபகசக்தியில்தான் நடந்தது.

அந்த வேலையைக் கணினியிடம் ஒப்படைத்தது அமெரிக்காவின் நெட்பிளிக்ஸ். 1997இல் ஆரம்பிக்கப்பட்டு, தபாலில் டிவிடி அனுப்பி வளர்ந்த நிறுவனம் அது. வாடிக்கையாளர் தாம் பார்த்த படத்துக்கு ஐந்துக்குள் புள்ளி போடுவார். எல்லோருடைய புள்ளிகளையும் ஒப்பிட்டு, இவருக்கு அடுத்து எது பிடிக்கும் என்று கணினி கணக்குப் பார்க்கும்.

இந்தக் கணிப்பை 10 வீதம் திருத்துபவருக்கு 10 இலட்சம் டொலர் பரிசு என்று 2006 ஒக்டோபரில் அறிவித்தார்கள். 2009இல் இரண்டு குழுக்கள் சரிசமமாக நின்றன. 20 நிமிடம் முந்தி அனுப்பிய குழுவுக்கே பணம் போனது. (டெண்டர் போடும் நண்பர்கள் கவனிக்க!) இதில் வேடிக்கை என்னவென்றால், வென்ற முறையை அவர்கள் முழுமையாகப் பயன்படுத்தவேயில்லை. அதைப் பொருத்தும் வேலைக்கு ஏற்ற பயன் கிடைக்காது என்று 2012இல் நிறுவனமே எழுதியது. காசு கொடுத்துவிட்டோமே என்பதற்காகச் சரக்கைக் கட்டிக்கொண்டு அழவில்லை. நம்மில் எத்தனை பேருக்கு அந்தத் துணிவு உண்டு?

ஆனால் ஓரிடத்தில் சறுக்கினார்கள். போட்டிக்காக 4 இலட்சத்து 80 ஆயிரம் பேரின் 10 கோடிப் புள்ளிகளை, பெயர்களை நீக்கி வெளியிட்டிருந்தார்கள். டெக்சாஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இருவர் அவற்றை வேறொரு திரைப்படத் தளத்தில் பகிரங்கமாக இருந்த புள்ளிகளோடு ஒப்பிட்டு, ஆட்களை அடையாளம் காண முடியும் என்று காட்டிவிட்டனர். வழக்கும் வந்தது. இரண்டாவது போட்டி 2010இல் கைவிடப்பட்டது.

என் கடைப் பையனும் ஒருநாள், ஒருவர் எடுத்துப்போன படத்தின் பெயரைப் பக்கத்து வீட்டாரிடம் விளையாட்டாகச் சொல்லிவிட்டான். அந்த மனிதர் பிறகு கடைப்பக்கமே வரவில்லை. அவருடைய மூன்று சகோதரர்களும் வரவில்லை.

இப்போது எமது புடவைக் கடையில் மகன்தான் கணினியில் பில் போடுகிறார். யார், என்ன, எப்போது வாங்கினார் என்பதெல்லாம் தொலைபேசி இலக்கத்தோடு அதில் இருக்கிறது. சென்ற மாதம் ஒருவர் வந்து, அந்தப் பட்டியலின் பிரதியொன்றுக்கு நல்ல விலை பேசினார். மகன் என் முகத்தைப் பார்த்தார். வந்தவருக்கு ஒரு பிளேன்டீ கொடுத்து அனுப்பிவிட்டேன்.