குற்றவழக்கில் தண்டனை: அரசு ஊழியரின் வேலை என்னாகும்?

அரசு வேலையிலுள்ள ஒருவருக்குக் கீழ்நீதிமன்றம் தண்டனை விதித்ததும் குடும்பத்தார் ஜாமீனுக்கு ஓடுகிறார்கள். அது கிடைத்துவிட்டால், "மேல்முறையீடு நிலுவையில் இருக்கிறது, வேலையில் கை வைக்க முடியாது" என்று நிம்மதியடைகிறார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை.

அரசு ஊழியரை விசாரணையின்றி நீக்கக் கூடாது என்பது அரசியல் சட்டத்தின் 311ஆவது பிரிவு. அதே பிரிவில் ஒரு விதிவிலக்கும் உண்டு. எந்த நடத்தைக்காக நீக்கப்படுகிறாரோ அதற்காகவே குற்றவழக்கில் தண்டிக்கப்பட்டிருந்தால் துறை விசாரணை தேவையில்லை. சாட்சிகளை நீதிமன்றமே விசாரித்து முடித்துவிட்டதே, அதனால்தான்.

தண்டனை நிறுத்திவைக்கப்பட்டால்? தமிழகத்தின் கல்லூரிக் கல்வித் துறை ஊழியர் ஒருவரின் வழக்கில் 1995ல் உச்ச நீதிமன்றம் இதற்கு விடை சொன்னது. நிறுத்தப்படுவது சிறைவாசம் மட்டுமே. குற்றவாளி என்ற தீர்ப்பு அப்படியே நிற்கிறது. எனவே மேல்முறையீடு முடியும்வரை துறை காத்திருக்க வேண்டியதில்லை. தீர்ப்பையே நிறுத்திவைக்கத் தனியாகக் கேட்க வேண்டும். அதை நீதிமன்றங்கள் அரிதாகவே தருகின்றன, லஞ்ச வழக்குகளில் மிக அரிது.

ஆனால் தண்டனை வந்தாலே வேலை போய்விடும் என்பதும் தவறு. டெல்லி பால் விநியோக நிறுவனத்தின் காசாளர் ஒருவர் 500 ரூபாயைக் கட்டாமல் வைத்திருந்தார். அந்த நாட்களில் மகன் இறந்திருந்தான், மனைவி மாடியிலிருந்து விழுந்து படுகாயமடைந்திருந்தார், மகளும் நோயில் கிடந்தாள். பணத்தைத் திருப்பிக் கட்டினார். நீதிமன்றம் நன்னடத்தைச் சட்டப்படி விடுவித்தது. துறையோ வேலையைவிட்டு நீக்கியது. 1985ல் உச்ச நீதிமன்றம் அந்த நீக்கத்தை ரத்து செய்து, முழுச் சம்பளத்துடன் மீண்டும் வேலை கொடுக்கச் சொன்னது. நிறுத்தக் கூடாத இடத்தில் ஸ்கூட்டரை நிறுத்தித் தண்டனை பெற்றவரையும் வேலையிலிருந்து நீக்குவீர்களா என்ற பொருளில் நீதிபதிகள் உதாரணமும் காட்டினார்கள். அதிகாரம் இருக்கிறது என்பதற்காகக் கண்ணை மூடிக்கொண்டு பயன்படுத்தக் கூடாது என்பதே தீர்ப்பின் சாரம். இன்றும் பல அலுவலகங்களில் அச்சடித்த ஒரே வாசகத்தில் நீக்க ஆணை வருவது இதற்கு முரணானது.

நம் ஃபிக்ஹிலும் இதற்கு நெருக்கமான ஒரு விவாதம் உண்டு. அவதூறு சுமத்தித் தண்டனை பெற்றவரின் சாட்சியம் பற்றி சூரா அந்நூர் 4, 5ஆம் வசனங்கள் பேசுகின்றன. தவ்பா செய்தபின் அவர் சாட்சியத்தை ஏற்கலாம் என்பது ஷாஃபிஈ மத்ஹப். பாவம் நீங்கினாலும் சாட்சியம் ஏற்கப்படாது என்பது ஹனஃபி மத்ஹப். மன்னிப்பு வேறு, பொறுப்பில் அமர்த்துவது வேறு என்பதை இரு தரப்பாரும் எடைபோட்டிருக்கிறார்கள். அரசுப் பணி மக்களின் அமானிதம். அமானிதத்திலேயே கைவைத்தவரையும், பக்கத்து வீட்டுத் தகராறில் தண்டிக்கப்பட்டவரையும் ஒரே தராசில் நிறுக்க முடியாது.

மேல்முறையீட்டில் விடுதலையானால் நீக்க ஆணையை மறுபரிசீலனை செய்ய முடியும் என்றும் 1995 தீர்ப்பு சொல்கிறது. தீர்ப்பு நகலோடு உடனே எழுத்தில் விண்ணப்பிக்க வேண்டும். துறை தானாகக் கூப்பிடும் என்று வீட்டில் காத்திருக்கக் கூடாது. இடைப்பட்ட காலச் சம்பளம் தானாக வந்துவிடாது, அதையும் தனியாகக் கேட்க வேண்டும்.