பேசின் பிரிட்ஜில் படகு ஏறிய காலம்! கூவமாய் நாறும் கால்வாயில் ஊர்ப்பயணம் போனார்கள்

பேசின் பிரிட்ஜ்: சென்ட்ரலுக்கு வர்ற ரெயில் எதுவானாலும் பேசின் பிரிட்ஜ் சிக்னலில் நின்று மூச்சு வாங்கிவிட்டுத்தான் உள்ளே போகும். அந்த நேரத்தில் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தால் கன்னங்கரேல் என்று ஒரு கால்வாய். மூக்கைப் பொத்தாத ஆளே கிடையாது.

அது சரி, 'பேசின்' என்றால் என்ன? வாஷ் பேசினா? கிட்டத்தட்ட அதேதான்! படகுகள் வந்து நிற்பதற்காக அமைத்த பெரிய தண்ணீர்த் தொட்டி. அதை ஒட்டிய பாலம் பேசின் பிரிட்ஜ் ஆகிவிட்டது. ஆமாம், இந்த பக்கிங்ஹாம் கால்வாயில் ஒரு காலத்தில் ஜனங்கள் படகு ஏறி ஊருக்குப் போனார்கள்.

பஞ்சத்தில் வெட்டியது

1806ல் பாசில் கோக்ரேன் என்ற வெள்ளைக்காரர் சென்னையில் இருந்து எண்ணூர் வரை வெட்டிய வாய்க்கால் இது. 1837ல் அரசாங்கம் எடுத்துக்கொண்டது. பிறகு கொஞ்சம் கொஞ்சமாக ஆந்திரா பக்கம் நீண்டது. 1876-78 தாது வருடப் பஞ்சத்தில் பட்டினி கிடந்த ஜனங்களுக்குக் கூலி கொடுத்து, கூவத்துக்கும் அடையாறுக்கும் நடுவே சுமார் 8 கிலோ மீட்டர் வெட்டி இணைத்தார்கள். அப்போது கவர்னராக இருந்த பக்கிங்ஹாம் பிரபுவின் பெயரையே வைத்தார்கள். மரக்காணத்தில் இருந்து ஆந்திராவின் பெத்தகஞ்சம் வரை மொத்தம் சுமார் 420 கிலோ மீட்டர். இதில் தமிழ்நாட்டில் மட்டும் 163.

மோட்டார் இல்லை, கயிறுதான்!

படகு எப்படி ஓடியது? காத்து அடித்தால் பாய் விரிப்பார்கள். காத்து இல்லையா, கழியை ஊன்றித் தள்ளுவார்கள். அதுவும் முடியாவிட்டால் ஆட்கள் கரையில் இறங்கி, கயிற்றைத் தோளில் போட்டு இழுத்துக்கொண்டே நடப்பார்கள். மனுஷன் நடக்கிற வேகம்தான் படகின் வேகம். சாயங்காலம் சென்னையில் ஏறிப் படுத்தால் விடிந்த பிறகுதான் மாமல்லபுரம். பாரதிதாசன் நண்பர்களோடு இப்படிப் போய்விட்டு வந்து அதைப் பாட்டாகவே எழுதியிருக்கிறார்.

ஆட்கள் மட்டுமல்ல, விறகு, உப்பு எல்லாம் இதில்தான் வந்தன. பேசின் பிரிட்ஜ் பக்கத்து 'சால்ட் கோட்டர்ஸ்' கூட்ஸ் யார்டு பெயரில் இன்னும் அந்த உப்பு இருக்கிறது!

இது கடல் தண்ணீர் ஏறி இறங்கும் கால்வாய். தண்ணீர் வடிந்தால் படகு தரை தட்டிவிடும். அதற்காகத்தான் 'லாக்' என்ற இரட்டைக் கதவு. படகு உள்ளே வந்ததும் பின்கதவை மூடி, தண்ணீர் மட்டத்தைச் சமமாக்கி, முன்கதவைத் திறந்துவிடுவார்கள். அத்தோடு அடியில் சேரும் மண்ணையும் விடாமல் அள்ளிக்கொண்டே இருக்கவேண்டும்.

ஏன் நின்றது?

1899ல் விஜயவாடா ரெயில் பாதை வந்ததும் தூரத்துப் பயணம் ரெயிலுக்குப் போனது. அப்புறம் பஸ், லாரி. 1965, 1966, 1976 புயல்கள் கால்வாயைப் பல இடங்களில் தூர்த்துவிட்டன. படகு ஓடிய வரைக்கும் ஆழம் குறைந்தால் படகு நின்றுவிடும், உடனே கேள்வி வரும். படகு போனதும் கேட்க ஆள் இல்லாமல் போயிற்று. சாக்கடை வந்து சேர்ந்தது, கரையில் ஆக்கிரமிப்பு வந்தது. 1990களில் பறக்கும் ரெயிலுக்காகக் கால்வாய்க்குள்ளேயே தூண்களும் முளைத்தன.

விளைவு வடசென்னை ஜனங்களுக்குத் தெரியும். 2023 டிசம்பர் மிக்ஜாம் புயல் வெள்ளத்தில் மணலி பக்கம் இருந்து கச்சா எண்ணெய் இந்தக் கால்வாய் வழியாகத்தான் எண்ணூர் முகத்துவாரத்துக்குப் போனது. மீனவர்களின் படகு, வலை எல்லாம் எண்ணெய்.

2008ல் இதைத் தேசிய நீர்வழி 4ல் சேர்த்தார்கள். சென்னையில் படகு மட்டும் வரவில்லை. படகு விடாவிட்டாலும் போகட்டும். படகு மிதக்கிற ஆழம் இருந்தால் மழைத்தண்ணீரும் வீட்டுக்குள் வராமல் கடலுக்குப் போகும். அந்த ஆழத்தையாவது திருப்பித் தருவார்களா?