கையொப்பம் வைக்க முன்

வெள்ளிக்கிழமை பின்னேரம், வேலை முடிகிற நேரம் பார்த்துத்தான் கூப்பிடுவார்கள். மேசையில் கடிதம் தயாராக இருக்கும்: தனிப்பட்ட காரணங்களால் வேலையிலிருந்து விலகுகிறேன் என்று. கையொப்பம் மட்டும்தான் பாக்கி. வைத்தால் நல்ல சேவைச் சான்றிதழ், வைக்காவிட்டால் பெயர் கெட்டுப்போகும் என்று முகாமையாளர் அன்பாகவே சொல்வார்.

வைக்காதீர்கள். இலங்கைச் சட்டம் வேலை இழந்தவருக்குத் தருகிற பாதுகாப்பில் பெரும்பகுதி அந்த ஒரு கையொப்பத்தோடு கைநழுவிப் போகலாம். வற்புறுத்தி வாங்கிய ராஜினாமா வேலைநீக்கத்துக்குச் சமம் என்று பிறகு வாதாட இடமுண்டு. ஆனால் வற்புறுத்தினார்கள் என்று நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில் விழுந்துவிடும். நீக்கியதாக நிர்வாகமே ஒப்புக்கொண்டால், அது நியாயமானது என்று காட்ட வேண்டியவர்கள் அவர்கள்.

ஏன் நீக்கினார்கள் என்பதைப் பொறுத்துத்தான் எங்கே போவது என்பது. ஆட்குறைப்பு, வேலை இல்லை, கம்பனி நட்டம் என்றால் 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டம் குறுக்கே நிற்கிறது. 15 பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் தனியார் நிறுவனத்தில், கடந்த 12 மாதங்களில் 180 நாட்களாவது வேலை செய்த ஒருவரை, அவருடைய எழுத்துமூலச் சம்மதமோ தொழில் ஆணையாளர் நாயகத்தின் அனுமதியோ இல்லாமல் நிறுத்த முடியாது. மீறி நிறுத்தினால் அந்த நீக்கம் சட்டப்படி செல்லாது. முறைப்பாட்டைத் தொழில் திணைக்களத்தில் கொடுக்க வேண்டும்.

அனுமதி கிடைத்தாலும் வெறுங்கையோடு அனுப்ப முடியாது. நட்டஈட்டுக்கு அட்டவணை இருக்கிறது. முதல் 5 ஆண்டுகளுக்கு ஆண்டொன்றுக்கு இரண்டரை மாதச் சம்பளம், 6 முதல் 14 வரையான ஆண்டுகளுக்கு இரண்டு மாதச் சம்பளம் என்று போய், பிறகு படிப்படியாகக் குறையும். 60,000 ரூபாய் சம்பளத்தில் 10 ஆண்டு வேலை செய்தவருக்கு இருபத்திரண்டரை மாதச் சம்பளம், அதாவது பதின்மூன்றரை இலட்சம் ரூபாய். உச்சவரம்பு 2021இல் 25 இலட்சமாக உயர்த்தப்பட்டது. “மூன்று மாதச் சம்பளம் தருகிறோம், சந்தோசமாகப் போங்கள்” என்று யாராவது சொன்னால், முதலில் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். எழுத்துமூலச் சம்மதம் என்ற பெயரில் நீட்டப்படும் தாளின் விலை அதுதான்.

ஒழுக்காற்று நடவடிக்கை, அதாவது திருட்டு, கீழ்ப்படியாமை, ஒழுங்காக வேலைக்கு வராமை போன்ற காரணம் சொல்லி நீக்கினால், போக வேண்டிய இடம் தொழில் நியாய சபை. நீக்கிய பிறகு இரண்டாவது வேலை நாள் முடிவதற்குள் காரணத்தை எழுத்தில் தர வேண்டியது நிர்வாகத்தின் கடமை. சபை சாட்சிகளைத் தானே கேட்டு, நியாயமும் ஒப்புரவும் எனத் தோன்றும் கட்டளையைப் பிறப்பிக்கும். மீண்டும் வேலை, பின்சம்பளம், அல்லது நட்டஈடு. ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும் அது சபையின் கையைக் கட்டாது. உங்களுக்காகத் தொழிற்சங்கமும் விண்ணப்பிக்கலாம். தோட்டப்புறத்தில் பலர் இந்த வழியில்தான் போகிறார்கள். ஏற்காத தரப்பு மாகாண மேல் நீதிமன்றத்தில் மேன்முறையீடு செய்யலாம் என்பதால் வழக்கு இழுபடும். அதையும் மனதில் வைத்துக்கொண்டுதான் இறங்க வேண்டும்.

நிர்வாகங்களுக்குப் பிடித்த இன்னொரு உத்தி உண்டு. வாயிற்காவலரைக் கொண்டு உள்ளே விடாமல் தடுப்பார்கள். சில வாரம் கழித்து, நீங்களே வேலையைக் கைவிட்டுப் போய்விட்டதாகக் கடிதம் வரும். இதற்கு மருந்து மலிவானது. தடுத்த அன்றைக்கே, இன்ன திகதி வேலைக்கு வந்தேன், உள்ளே விடவில்லை, வேலை செய்யத் தயாராக இருக்கிறேன் என்று எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். பிரதியையும் தபால் பற்றுச்சீட்டையும் பத்திரப்படுத்துங்கள். பொலிஸில் ஒரு முறைப்பாட்டையும் பதிந்து வைக்கலாம்.

பணிக்கொடை தனி. 15 பேர் வேலை செய்யும் இடத்தில் 5 ஆண்டு முடித்தவருக்கு, மாதச் சம்பளக்காரரானால், ஆண்டொன்றுக்கு அரை மாதச் சம்பளம் 30 நாட்களுக்குள் கிடைக்க வேண்டும். மோசடி, கையாடல், வேண்டுமென்றே செய்த சேதம் போன்றவற்றால் வந்த நட்டத்தை மட்டுமே அதிலிருந்து கழிக்கலாம். ஊழியர் சேமலாப நிதி வேலை போனதும் கைக்கு வராது. ஆண்களுக்கு 55 வயது, பெண்களுக்கு 50 வயது வரை பொதுவாகக் காத்திருக்க வேண்டும். ஊழியர் நம்பிக்கை நிதியை வேலை நின்றவுடன் கேட்கலாம், அதுவும் 5 ஆண்டுக்கு ஒரு தடவைதான். அரச ஊழியர்களுக்கு வழி வேறு. அவர்கள் தொழில் நியாய சபைக்கு வர முடியாது.

கடைசியாகக் கால எல்லை. “பேசித் தீர்ப்போம், கொஞ்சம் பொறுங்கள்” என்று நிர்வாகம் இழுத்தடிக்கும்போது பொறுத்துப் போனவர்கள்தான் அதிகம் இழந்தவர்கள். தொழில் நியாய சபைக்கு விண்ணப்பிக்க 6 மாதம் மட்டுமே. அந்த எண்ணிக்கை வேலை நின்ற நாளிலிருந்து தொடங்குகிறது. பேச்சுவார்த்தை முறிந்த நாளிலிருந்து அல்ல.