கொல்லிப்பாவையும் நெஞ்சைவிட்டு அகலாத நினைவும்

கொல்லிமலையில் வாழ்வோருக்குப் பாவையின் கதை புதிதன்று. தவம் செய்யும் முனிவர்களைக் காக்க அமைக்கப்பட்ட அப்பெண்ணுருவம், தீயோர் நெருங்கும்போது நகைக்கும். அந்நகையில் மயங்கியவர் உயிருடன் மீள்வதில்லை. எட்டுக்கை அம்மனையே அப்பாவையாக வழிபடுவோரும் உண்டு.

நற்றிணையின் 201-ஆம் பாடலில் பரணர் இப்பாவையை வேறு பொருளில் கையாள்கிறார். அவளோ கிட்டுதற்கு அரியவள், அவளை நினையாதே என்று தோழன் இடித்துரைக்கிறான். கடுங்காற்று மோதினும், இடி விழினும், நிலமே பெயரினும் உருக்குலையாத பாவையைப் போல அவள் தன் நெஞ்சைவிட்டுப் போக மறுக்கிறாள் என்கிறான் தலைவன். மருத்துவர்களாகிய நாங்கள் இன்றும் கேட்கும் விடை இதுவே. 'மறந்துவிடு' என்று வீட்டார் பன்முறை சொல்லியும் மறக்க இயலாதவர்களே எங்களிடம் அழைத்து வரப்படுகின்றனர்.

தொல்காப்பியக் களவியல் இந்நிலைகளை வரிசைப்படுத்துகிறது: வேட்கை, இடைவிடாத நினைவு, உடல் மெலிவு, நாணம் கடத்தல், காண்பன யாவும் அவராகவே தோன்றுதல், மயக்கம், முடிவில் சாக்காடு. ஏறக்குறைய ஒரு நோய்க்குறிப்பேடு! நாகிசா ஓஷிமா 1976-இல் எடுத்த ஜப்பானியத் திரைப்படமும் (குடும்பத்துடன் காணத்தக்கதன்று) இதே பாதையைக் காட்டுகிறது. 1936-இல் டோக்கியோவில் நிகழ்ந்த உண்மைச் சம்பவத்தைத் தழுவிய அக்கதையில், புறவுலகை மறந்த இருவரின் வேட்கை ஓருயிரைப் பறிக்கிறது.

1999-இல் இத்தாலியின் பீசா நகர ஆய்வாளர்கள், அண்மையில் காதல்வயப்பட்டோரின் இரத்தத் தட்டணுக்களைச் சோதித்தனர். செரோட்டோனினைக் கடத்தும் புரதம், எண்ணச் சுழற்சி நோயாளிகளிடம் போலவே அவர்களிடமும் குறைந்திருந்தது. சிறிய ஆய்வுதான், ஆயினும் இதனை மனவலிமைக் குறைவென்று பழிப்பதில் பொருளில்லை என்பதே எங்கள் கருத்து.

காதல் நோயன்று. ஆனால் உணவும் உறக்கமும் வாரக்கணக்கில் குன்றினாலோ, படிப்பும் தொழிலும் கைவிடப்பட்டாலோ, விருப்பமில்லை என்று மறுத்தவரைப் பின்தொடரத் தொடங்கினாலோ மருத்துவ உதவி தேவை. 'இனி வாழ்ந்து என்ன பயன்' என்ற சொல்லை வெறும் மிரட்டலென்று ஒதுக்காதீர்கள். இறக்கும் எண்ணம் உண்டா என்று நேராகக் கேளுங்கள்; கேட்பதனால் அவ்வெண்ணம் புதிதாக முளைப்பதில்லை. தோட்டத்திற்கு வாங்கிய பூச்சிக்கொல்லியை அவர் கைக்கு எட்டாதவாறு அகற்றுங்கள். அவரைத் தனியே விடாதீர்கள்.

உயிருக்கு உடனடி ஆபத்தெனில் 108-ஐ அழையுங்கள். மற்றபடி, 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து கீழே இறங்கும் நாள்வரை காத்திருக்க வேண்டியதில்லை. டெலி மானஸ் 14416 என்ற கட்டணமில்லா எண்ணில் இரவும் பகலும் தமிழிலேயே பேசலாம். நோயுற்றவர் பேச மறுத்தால், வீட்டார் பேசலாம்.