நல்ல மனம் மட்டும் போதுமா?

பிறநாட்டுக்குச் சென்று, பெரிய ஊதியம் எதையும் எதிர்பாராமல், ஓராண்டோ ஈராண்டோ அங்குள்ள எளியோருக்காக உழைத்துத் திரும்புவது இன்று உலகெங்கும் பழகிவிட்ட ஒன்று. 1985ஆம் ஆண்டில் ஐ.நா. பொது அவை, டிசம்பர் 5ஆம் நாளைத் தன்னார்வலருக்கான உலக நாளாகவே அறிவித்தது. இப்பணியின் வரலாற்றைத் திரும்பிப் பார்க்கும்போது, பாராட்டோடு கூடவே சங்கடமான கேள்வி ஒன்றும் நம் முன் நிற்கிறது. அதைச் சற்றுச் சிந்திப்போம்.

முதல் உலகப் போர் முடிந்து ஈராண்டுகளே ஆகியிருந்தன. பிரான்சின் வெர்டன் போர்க்களத்தருகே எஸ்ன் என்ற சிற்றூர் இடிபாடாகக் கிடந்தது. 1920ஆம் ஆண்டின் இறுதியில் சுவிட்சர்லாந்தைச் சேர்ந்த பியேர் செரெசோல், சிறு குழுவோடு அங்குச் சென்று, நிலத்தைச் சீர்படுத்தி வீடுகளை எழுப்பத் தொடங்கினார். அக்குழுவில் ஜெர்மானியரும் இருந்தனர். நேற்றுவரை எதிரியாக இருந்தவர் இன்று மண்வெட்டியோடு வந்து நிற்பதை எல்லாராலும் ஏற்க முடியவில்லை. எதிர்ப்பினால் சில மாதங்களிலேயே பணி நின்றுபோனது. ஆயினும் அவர் தொடங்கிய இயக்கம் வளர்ந்தது. 1934 ஜனவரி 15 அன்று பீகாரை நிலநடுக்கம் உலுக்கியபோது, அதே செரெசோல் இந்தியா வந்து, கிராம மக்களின் வீடுகளை மீண்டும் கட்டும் பணியில் கைகோத்தார்.

இரண்டாம் உலகப் போருக்குப்பின் இத்தகைய பணி பெரிய அமைப்புகளாக உருவெடுத்தது. பிரிட்டனில் 1958இல் அலெக் டிக்சன் இளையோரை அனுப்பத் தொடங்கினார். அமெரிக்காவில் 1961 மார்ச் 1 அன்று அதிபர் கென்னடி 'பீஸ் கோர்' அமைப்பை நிறுவினார். இதுவரை 2,40,000க்கும் மேற்பட்டோர் அதன்வழியே 140க்கும் அதிகமான நாடுகளில் பணியாற்றியுள்ளனர். நம் நாட்டுக்கும் 1961 முதல் 1976 வரை அவர்கள் வந்தார்கள். பின்னாளில் அமெரிக்க அதிபரான ஜிம்மி கார்ட்டரின் தாய் லிலியன் கார்ட்டர், 1966இல் தம் 68ஆம் வயதில் மும்பையின் விக்ரோலிக்குச் செவிலியராக வந்தவர். திருச்சபையும் பின்தங்கவில்லை. 1960இல் திருத்தந்தை 23ஆம் யோவான் காலத்தில், இலத்தீன் அமெரிக்காவுக்குப் பொதுநிலையினரை அனுப்பும் திட்டம் பிறந்தது.

இந்த உற்சாகத்தின் நடுவேதான் அந்தக் கேள்வி எழுந்தது. அதை எழுப்பியவர் வெளியாள் அல்லர். அருட்பணியாளர் இவான் இல்லிச். மெக்சிகோவின் குவெர்னவாக்கா நகரில் 1961 முதல், இலத்தீன் அமெரிக்காவுக்கு வருவோருக்கு மொழியும் பண்பாடும் கற்பித்தவர் அவரே. 1968 ஏப்ரலில், கோடை விடுமுறையில் மெக்சிகோ கிராமங்களுக்குச் செல்லும் வட அமெரிக்க மாணவர்களிடம் அவர் பேசினார். பாராட்டை எதிர்பார்த்து அமர்ந்திருந்தவர்களுக்குக் கிடைத்தது கண்டனம். உங்கள் நல்லெண்ணம் மட்டும் போதாது. அம்மக்களின் மொழி உங்களுக்குத் தெரியாது. நீங்கள் வேண்டாம் என்று உங்கள் முகத்துக்கு நேரே சொல்லவும் அவர்களால் இயலாது. பார்க்க வாருங்கள், கற்க வாருங்கள், உதவ வராதீர்கள் என்பதே அவர் உரையின் சாரம்.

இது கடுமையான சொல். ஆனால் தவிர்க்க முடியாத உண்மை ஒன்று இதில் உண்டு. தொண்டு செய்யச் செல்பவரின் பையில் திரும்பிச் செல்வதற்கான பயணச்சீட்டு இருக்கிறது. அவர் யாருக்காகச் செல்கிறாரோ, அவரிடம் அது இல்லை. இந்த வேறுபாட்டை மறந்த தொண்டு, கொடுப்பவரை உயர்த்திப் பெறுபவரைத் தாழ்த்திவிடும்.

அந்தச் சீட்டைப் பயன்படுத்தாமல் போன ஓர் இளம்பெண்ணையும் நாம் நினைவுகூர வேண்டும். ஜீன் டோனவன், கிளீவ்லாந்தில் நல்ல ஊதியத்தில் கணக்கியல் நிறுவனமொன்றில் பணிபுரிந்தவர். அம்மறைமாவட்டத்தின் மறைபரப்புக் குழுவில் சேர்ந்து எல் சால்வதோர் சென்றார். வன்முறை பெருகியது. 1980 மார்ச் 24 அன்று பேராயர் ரொமேரோ திருப்பலி நிறைவேற்றுகையில் சுடப்பட்டார். ஊர் திரும்பிவிடு என்று ஜீனிடம் பலர் வற்புறுத்தினர். அவரும் பலமுறை அதை எண்ணியதுண்டு. ஆனால் ஆதரவற்ற குழந்தைகளை விட்டுவர மனம் ஒப்பவில்லை. அதே ஆண்டு டிசம்பர் 2 அன்று, அருட்சகோதரிகள் டாரத்தி கேசல், ஈட்டா ஃபோர்டு, மோரா கிளார்க் ஆகியோருடன் தேசியக் காவல்படையினரால் கொல்லப்பட்டார். அப்போது ஜீனுக்கு வயது 27.

அந்நால்வரின் சாவு அமெரிக்காவை உலுக்கியது. ஆனால் 1992வரை நீடித்த உள்நாட்டுப் போரில் மாண்ட ஏறத்தாழ 75,000 பேரில் மிகப் பலரின் பெயர் உலகுக்குத் தெரியாது. அவர்களுக்குத் திரும்பிச்செல்ல வேறு ஊர் இல்லை. ஜீன் அவர்களைக் காப்பாற்றிவிடவில்லை. அவர்களுள் ஒருவராக இருக்கச் சம்மதித்தார்.

லூக்கா நற்செய்தியின் 10ஆம் அதிகாரத்தில் இயேசு சீடர்களை அனுப்பும்போது, பணப்பையோ பையோ மிதியடியோ வேண்டாம் என்கிறார். வீடு வீடாய் மாறாமல் ஒரே வீட்டில் தங்கி, அவர்கள் தருவதை உண்ணச் சொல்கிறார். பை இல்லாதவர் பசித்தால் கேட்டுத்தான் உண்ண வேண்டும். கொடுக்கச் செல்பவர் முதலில் பெறக் கற்றுக்கொள்ள வேண்டும் என்பதல்லவா இதன் பொருள்?

நம் பங்கிலிருந்து இளையோர் ஒரு வாரக் களப்பணிக்குச் சென்றாலும் இக்கேள்வி பொருந்தும். நம்மை அழைத்தது யார்? அவர்கள் பேசுவது நமக்குப் புரிகிறதா? வேண்டாம் என்று சொல்லும் உரிமையை அவர்களுக்குத் தந்திருக்கிறோமா? இவற்றுக்கு விடை தேடிய பிறகு புறப்படுவோம். அப்போது நம் கைகள் சற்றுத் தாமதமாகச் சென்றாலும், தேவையான இடத்தில் போய்ச் சேரும்.